கதவு மூடும்வரை

எங்கள் ஊரில் குழந்தைக்கு நடக்க வரும்போதே குனிந்து வணங்கக் கற்றுத் தந்துவிடுவார்கள். எப்போது நிமிர்வது என்பதை மட்டும் யாரும் சொல்லித் தருவதில்லை. ஒசாகாவில் ஒரு சனிக்கிழமை மத்தியானம் பதினான்கு நிமிஷம் ஊரே தலையைத் தொங்கப்போட்டு நின்றது அதனால்தான். மழையினால் என்று சிலர் சொல்வார்கள். மழைக்கும் பங்கு உண்டு, மறுக்கவில்லை.

ஒசாகாவில் உலகப் பொருட்காட்சி முடிந்த மறுவருஷம், 1971. எனக்கு நாற்பத்தொரு வயது. நானும் பும்பெய்யும் பதினான்கு வருஷமாக நகைச்சுவை ஜோடி. நான் நெட்டை, அவன் குட்டை. என்னைவிட எட்டு நாள் இளையவன் என்பதால் அண்ணே என்றுதான் கூப்பிடுவான். சனிக்கிழமை பன்னிரண்டேகாலுக்கு 'சனிக்கிழமைச் சில்லறை' என்று எங்கள் நிகழ்ச்சி டிவியில் நேரடியாக வரும். அரைநாள் ஆபீஸ், அரைநாள் பள்ளிக்கூடம் முடிந்து ஜனங்கள் நூடுல்ஸ் உறிஞ்சுகிற நேரம்.

எங்கள் நாடகங்களில் வாள் கிடையாது, பேய் கிடையாது. எல்லாம் தெருவிலும் வீட்டிலும் நடப்பதுதான். தட்டில் மிஞ்சிய கடைசி ஆக்டோபஸ் உருண்டையை எடுக்கக் கூச்சப்பட்டு ஐந்து பேர் அதைச் சுற்றி உட்கார்ந்தே இருப்பார்கள். மேலாளர் கிளம்பட்டும் என்று குமாஸ்தாக்களும், குமாஸ்தாக்கள் கிளம்பட்டும் என்று மேலாளரும் காத்திருந்து, எல்லோரும் அதே நாற்காலியில் ஓய்வு பெறுவார்கள். இப்படி.

செலவை ஏற்றுக்கொண்டிருந்தது குளியல் தொட்டியில் கரைக்கிற பொடி செய்யும் ஒரு கம்பெனி. அதன் முதலாளி குராமிட்சு ஒரு நாள் எங்கள் தயாரிப்பாளர் நுனோகாவாவைத் தேடி வந்தார். நானும் பக்கத்தில் இருந்தேன்.

"போன வாரம் அந்த உருண்டை நாடகம் பாத்தேன்."

"ரொம்ப மகிழ்ச்சி ஐயா."

"எங்க வீட்ல ஞாயித்துக்கிழமை அப்படியே நடந்துச்சு. கடைசி உருண்டை காஞ்சு கல்லாப் போச்சு."

"ரொம்ப ரொம்ப மகிழ்ச்சி ஐயா."

"அப்ப நான் எதுக்கு உங்களுக்குப் பணம் குடுக்கணும்? வீட்லயே சும்மா நடக்குதே."

நுனோகாவா பத்து வருஷமாக டிவியில் இருக்கிறார். இந்தக் கேள்விக்கு என்னைப் பார்த்தார். நான் தேநீர்க் கோப்பையின் அடியைப் பார்த்தேன்.

"ஜூன் மூணாம் சனிக்கிழமை நானே வந்து முன்வரிசையில உக்கார்றேன்," என்றார் முதலாளி. "பாத்துட்டு அங்கயே சொல்லிடறேன். பிடிக்கலேன்னா ஜூலையிலேர்ந்து அந்த நேரத்துல சமையல் நிகழ்ச்சி."

பும்பெய்யிடம் சொன்னேன். அவன் ஏற்கெனவே யோசித்து வைத்திருந்தான்.

"நிகழ்ச்சி போச்சுன்னா நான் வகாயாமா போறேண்ணே. மாமனார் ஆரஞ்சுத் தோட்டத்துல ஏணி புடிக்க ஆள் கேக்கறார்."

"உன் உயரத்துக்கு ஏணிதான்டா உன்னைப் புடிக்கணும்."

"சரி, நான் போயிட்டா நீ யாரோட ஜோடி சேருவே?"

"சமையல் நிகழ்ச்சியில முள்ளங்கியோட."

அவன் சிரிக்கவில்லை. நானும் சும்மா ஒரு பழக்கத்தில்தான் சொன்னேன். பதினான்கு வருஷம் ஒருத்தன் தலைக்கு மேல் பார்த்தே பேசிப் பழகியவனுக்கு, அந்த இடத்தில் ஆள் இல்லையென்றால் எங்கே பார்ப்பது என்றே தெரியாது.

மூன்றாம் சனிக்கிழமைக்கு லிஃப்ட் நாடகத்தைத் தேர்ந்தெடுத்தோம். ஆபீசுக்கு வந்த விருந்தாளியை வழியனுப்புவது. அவர் லிஃப்டில் ஏறி நம் பக்கம் திரும்புவார். அவரும் குனிவார், நாமும் குனிவோம். கதவு மூடும்வரை யாரும் நிமிரக் கூடாது. முன்னால் நிமிர்ந்தவனோடு யாரும் வியாபாரம் வைத்துக்கொள்ள மாட்டார்கள். அவன் தங்கைக்கு வரன் வராது. எங்கள் நாடகத்தில் கதவு மூடும், மேல்மாடியில் யாரோ பொத்தானை அழுத்தியதால் மறுபடி திறக்கும். மறுபடி குனிவோம். மூன்றாம் தடவை திறக்கும்போது விருந்தாளி எங்கேயோ சொறிந்துகொண்டிருப்பார். அவ்வளவுதான். மூன்று நிமிஷம்.

செட் தச்சர் ஷிகெசோவுக்கு முதலாளி வருகிறார் என்று தெரிந்ததும் கை நிற்கவில்லை. அட்டையில் செய்யவேண்டிய லிஃப்டைத் தேவதாரு மரத்தில் செய்தார். சுவர் நாலு பக்கமும் கெட்டி. கதவுக்குத் தண்டவாளம். உள்ளே பொத்தான்களைப் பச்சைப் பெயின்டில் வரைந்து, மேலே மாடி எண்ணாக ஐந்து என்றும் எழுதியிருந்தார். மழைக்காலம் ஆனதால் பெயின்ட் காயவில்லை. மரமும் ஈரத்தைக் குடித்து ஊறிக்கொண்டிருந்தது. அது எங்களுக்குத் தெரியாது.

அன்று இருநூறு பேர் அரங்கில். முன்வரிசை நடுவில் குராமிட்சு, முழங்கால்மேல் இரண்டு கையையும் வைத்துக்கொண்டு. முதல் நாடகத்துக்கு அவர் முகம் அசையவில்லை. இரண்டாவதுக்கு மூக்கைத் துடைத்தார். அதைச் சிரிப்புக் கணக்கில் சேர்க்கலாமா என்று நுனோகாவா என்னைக் கேட்டார். வேண்டாம் என்றேன்.

பன்னிரண்டு இருபத்தெட்டுக்கு லிஃப்ட் நாடகம். பும்பெய் விருந்தாளி, நான் ஆபீஸ்காரன். முதல் தடவை கதவு அழகாக மூடித் திறந்தது. இரண்டாம் தடவை முனகியது. மூன்றாம் தடவை திறந்து, பும்பெய் சொறிந்து, சபை சிரித்து, நாங்கள் கடைசி வணக்கத்துக்குக் குனிந்தோம். கதவு ஒரு முழம் வந்து நின்றுவிட்டது.

குனிந்தபடி காத்திருந்தேன். பும்பெய்யின் உச்சந்தலையும் என் உச்சந்தலையும் ஒன்றையொன்று பார்த்துக்கொண்டிருந்தன.

"அண்ணே," என்றான் தரையைப் பார்த்து, "கதவு வரல."

"தெரியுது."

"நீ நிமிரு."

"நீ விருந்தாளி. நீ நிமிரு."

"விருந்தாளி எப்படிண்ணே முதல்ல நிமிர்றது? வகாயாமாவுல மாமனார் டிவி முன்னாடி உக்காந்திருக்கார்."

"எங்கம்மா சகாய்ல அக்கம்பக்கத்தையெல்லாம் கூட்டி வெச்சிருக்கா."

லிஃப்ட் கூரைக்குள் ஒரு மைக்கை ஒளித்து வைத்திருந்தது இருவருக்கும் மறந்துபோயிற்று. சபை சிரிப்பது கேட்டது. எதற்கு என்று புரியவில்லை. இடுப்பு வலிக்க ஆரம்பித்தது.

ஷிகெசோ சுத்தியலோடு ஓடிவந்தார். அவர் கதவைத் தட்டிவிட்டுப் போயிருந்தால் கதை இங்கேயே முடிந்திருக்கும். ஆனால் கெட்டுப்போன கதவு அவர் செய்த கதவு. தப்புச் செய்தவன் முதலில் மன்னிப்புக் கேட்கவேண்டும். "என் தப்பு, மன்னிக்கணும்," என்று எங்கள் இருவருக்கும் நடுவில் எங்களைவிட ஆழமாகக் குனிந்தார். மன்னிப்புக்குக் குனிந்தவன், எதிராளி பரவாயில்லை என்று ஒரு கையசைக்கும்வரை நிமிர முடியாது. எங்களுக்கோ தலை கீழே. அவர் கையசைப்பை எதிர்பார்க்கிறார், நாங்கள் கதவை எதிர்பார்க்கிறோம்.

"ஷிகெசோ அண்ணே, கதவைத் தள்ளுங்க," என்றேன்.

"மன்னிச்சேன்னு சொல்லு, தள்றேன்."

"நிமிராம எப்படி மன்னிக்கறது?"

"அதான் நானும் யோசிக்கறேன்."

நுனோகாவாவுக்கு வேறு வழி இல்லை. நேரடி ஒளிபரப்பு, கேமரா முன்னால் வந்தே ஆகவேண்டும். வந்தார். இரண்டு அடி வைத்ததும் இருநூறு பேர் தன்னைப் பார்ப்பது உறைத்தது. சபையைப் பார்த்து, "தடங்கலுக்கு மன்னிக்கணும்," என்று குனிந்தார். எதிரே உட்கார்ந்திருந்தவர்கள் யார்? ஒசாகாக் குடும்பப் பெண்கள், பாதிப் பேர் கடைக்காரர் மனைவிகள். ஒருவர் குனிந்து மன்னிப்புக் கேட்கும்போது பொம்மை மாதிரி உட்கார்ந்திருக்க அவர்களால் ஆகுமா? "ஐயோ, பரவாயில்லைங்க," என்று இருநூறு பேரும் இருக்கையிலேயே குனிந்தார்கள். சபை குனிந்திருக்கும்போது தயாரிப்பாளர் நிமிரலாமா? அவர் குனிந்திருக்கும்போது சபை நிமிரலாமா? எல்லோர் கண்ணும் தரையில் இருந்ததால் மற்றவர் நிமிர்ந்தாரா என்று பார்க்கக்கூட ஆள் இல்லை.

கேமராக்காரர் நல்ல குடும்பத்துப் பிள்ளை. அவரும் குனிந்தார். பிடியில் கையை வைத்தபடியே குனிந்ததால் கேமராவும் மூக்கைத் தாழ்த்தியது. ஒசாகா, கியோத்தோ, கோபே மூன்று ஊர்களிலும் ஒவ்வொரு வீட்டு டிவியும் வீட்டுக்காரரைப் பார்த்து வணங்கியது.

பதில் வணக்கம் செய்யாமல் இருக்க முடியுமா?

தென்னோஜியில் ஒரு நூடுல்ஸ் கடையில் பதினொரு பேர் கிண்ணத்துக்கு மேல் குனிந்தார்கள். யாரும் சாப்பிடவில்லை. நூடுல்ஸ் ஊறி ஊறிக் கட்டைவிரல் பருமனுக்கு வந்தது. கடைக்காரர் மறுநாள் முதல் அதையே புது வகை என்று விற்றார். சகாயில் சவரக்கடை நாற்காலியில் சாய்ந்திருந்த ஒருவர் சாய்ந்தபடியே குனியப் பார்த்து ஒரு புருவத்தை இழந்தார். சரியாகக் குனியாமல் போனதற்கு மன்னிப்புக் கேட்டு எங்களுக்குக் கடிதம் எழுதினார். உமேதாவில் ஒரு பெரிய கடையின் டிவிப் பிரிவில் முப்பத்திரண்டு டிவிகள் வரிசையாகக் குனிந்தன. எஸ்கலேட்டரில் ஏழாவது மாடிக்கு வந்தவர்கள் அதைப் பார்த்துக் குனிந்து, குனிந்தபடியே எட்டாவது மாடிக்குப் போய்ச் சேர்ந்தார்கள். வேறு சேனல் திருப்ப ஒருத்தருக்கும் மனசு வரவில்லை. குனிந்து நிற்பவர் முகத்துக்கு நேரே டிவியைத் திருகுவது எப்படி?

இவ்வளவு நடக்கும்போதும் ஒரே ஒருவர் நிமிர்ந்து உட்கார்ந்திருந்தார். குராமிட்சு. அவர் முதலாளி. வணக்கங்களை வாங்கியே பழகியவர். தலையை இரண்டு விரல் அளவு அசைப்பார். எதிரே இருப்பவர்கள் நிமிர்வார்கள். அன்றும் அசைத்தார். யாரும் நிமிரவில்லை. இன்னொரு தடவை அசைத்தார். "சரி, சரி," என்றார். அரங்கம் முழுக்க உச்சந்தலைகள். மணி பன்னிரண்டு நாற்பது. இன்னும் ஐந்து நிமிஷத்தில் ஒளிபரப்பு முடியவேண்டும். முடித்து வைக்க ஒருவரும் இல்லை.

எங்கள் வழக்கத்தில் இதை முடிக்கக்கூடியவர் ஒருவர்தான், அங்கே இருப்பவர்களில் பெரியவர். அவர் புறப்பட்டுப் போய்விட்டால் வழியனுப்பு முடிந்தது, மற்றவர்கள் நிமிரலாம். குராமிட்சு எழுந்தார். எனக்குத் தெரிந்தது ஷூ மட்டும்தான். கறுப்பு ஷூ, இடது கயிறு அவிழ்ந்திருந்தது. அது மேடைப் படியில் ஏறியது. என்னைத் தாண்டியது. ஷிகெசோவைச் சுற்றிப் போயிற்று. அரங்கத்தின் வாசல் இடது பக்கம். ஷூ நேராக லிஃப்டுக்குள் போயிற்று.

நிஜ லிஃப்ட் என்று நினைத்தாரா, நாடகத்துக்குள் வருகிறோம் என்று தெரிந்தே வந்தாரா, இன்றுவரை நான் கேட்கவில்லை. நாற்பது வருஷமாகத் திறந்த லிஃப்டைக் கண்டால் ஏறித் திரும்பிக் குனிந்த மனிதர். கால் போயிற்று, மற்றதெல்லாம் பின்னால் போயிற்று.

"கொஞ்சம் நகருங்க," என்றார் பும்பெய்யிடம். பக்கத்தில் நின்றார். எங்கள் பக்கம் திரும்பினார். குனிந்தார். கதவு மூடக் காத்திருந்தார்.

மூடவில்லை.

குனிந்தபடியே கையை நீட்டிப் பொத்தானை அழுத்தினார். கட்டைவிரல் பச்சையானது. விரலைப் பார்த்தார். மறுபடி அழுத்தினார். அப்போதுதான் சபையில் எவளோ ஒருத்தி, குனிந்த கண்ணைக் கொஞ்சம் உயர்த்தியவள், மூக்கால் ஒரு சத்தம் போட்டாள். பக்கத்தில் இருந்தவள் பார்த்தாள். பிறகு இருநூறு பேரும் தலையைத் தூக்காமல் முழங்காலைப் பார்த்தே சிரித்தார்கள். அப்படிச் சிரிப்பது மேலே போகாது. தரையில் விழுந்து கால் வழியாக ஏறும். மேடைப் பலகை என் பாதத்துக்குக் கீழே அதிர்ந்தது.

குராமிட்சு கதவை இரண்டு கையாலும் இழுத்தார். கை பக்கவாட்டில் இல்லாமல் குனிந்தால் மரியாதை இல்லை என்பதால், ஒரு இழுப்பு, ஒரு வணக்கம், ஒரு இழுப்பு, ஒரு வணக்கம் என்று மாற்றி மாற்றிச் செய்தார். பும்பெய் உதவப் பார்த்தான். "விருந்தாளி நீங்க, இருங்க," என்று தடுத்தார். கடைசியில் ஷூ காலை எதிர்ச்சுவரில் ஊன்றி, பல்லைக் கடித்து ஒரே இழுப்பு. மரம் அலறியது. கதவு டொம்மென்று மூடிக்கொண்டது.

அரங்கமே நிமிர்ந்தது. இருநூறு முதுகெலும்பு ஒரே சமயத்தில் நிமிரும் சத்தம் பொரி பொரிவதுபோல இருக்கும். கைதட்டல் கூரையைத் தட்டியது. மணி சரியாக நாற்பத்தைந்து. ஒளிபரப்பு முடிந்தது.

நான் கதவை இழுத்துப் பார்த்தேன். அசையவில்லை. ஷிகெசோ இழுத்தார். நுனோகாவா கதவில் காதை வைத்துக் கேட்டார்.

"முதலாளியைப் பெட்டியில போட்டுப் பூட்டிட்டோம்," என்றார் மெதுவாக.

"தட்டிக் கூப்பிடுங்க ஐயா," என்றேன்.

"கிளம்பிப் போன லிஃப்டை எப்படிய்யா தட்டறது? மரியாதையா இருக்குமா?"

ஷிகெசோ பின்சுவரை அறுக்கப் போனார். நல்ல மரமாகப் போட்டிருந்ததால் இருபது நிமிஷம் ஆயிற்று. உள்ளே நடந்ததைப் பும்பெய் பிறகு சொன்னான். லிஃப்டில் நிற்பவர்கள் எப்படி நிற்பார்களோ அப்படியே இருவரும் கதவைப் பார்த்து, பேசாமல், மாடி எண்ணை அண்ணாந்து பார்த்துக்கொண்டு நின்றிருக்கிறார்கள். வரைந்த ஐந்து ஐந்தாகவே இருந்தது.

"அஞ்சாவது மாடியிலயே நிக்குது," என்றாராம் முதலாளி, ரொம்ப நேரம் கழித்து.

"மெதுவான லிஃப்ட், ஐயா."

"எங்க ஆபீஸ்லயும் இப்படித்தான்."

அப்புறம் அவர் தோள் குலுங்கியது. அழுகிறார் என்று நினைத்துப் பும்பெய் கைக்குட்டையை எடுத்து நீட்டினான். அவர் அதை வாயில் அடைத்துக்கொண்டு சிரித்திருக்கிறார். நிகழ்ச்சி இருக்குமா போகுமா என்று கேட்க அவனுக்கு நாக்கு வரை வந்ததாம். மாடிகளுக்கு நடுவில் அந்நியரிடம் சொந்த விஷயம் பேசக்கூடாது என்று அடக்கிக்கொண்டானாம்.

பின்சுவரில் ஓட்டை விழுந்தது. முதலாளி மரத்தூளோடு வெளியே வந்தார். நுனோகாவா குனியப் போனார்.

"வேண்டாம்," என்றார் குராமிட்சு அவசரமாக. "யாரும் குனியாதீங்க. அப்படியே நில்லுங்க."

நின்றோம். அவர் பச்சைக் கட்டைவிரலைக் கோட்டில் துடைத்துக்கொண்டார். சமையல் நிகழ்ச்சி என்று சொல்லப்போகிறார் என்று பும்பெய் என் சட்டை நுனியைப் பிடித்துக்கொண்டான்.

"எங்க வீட்ல," என்றார் முதலாளி, "தினம் தொட்டியில வெந்நீர் ரொம்பும், எல்லாரும் ஒருத்தர் பின்னால ஒருத்தரா அதே தண்ணியிலதான் இறங்கணும். நான் மாமியாரை முதல்ல குளிங்கம்பேன். அவங்க வீட்டுத் தலைவர் நீங்க முதல்லம்பாங்க. நான் பொண்டாட்டியைச் சொல்வேன். அவ அம்மாவைச் சொல்வா. தண்ணி ஆறிடும். மறுபடி காய வைப்போம். மறுபடி நீங்க முதல்ல. வாரத்துல மூணு நாள் நாலு பேரும் குளிக்காமயே படுத்துடறோம்." கோட்டில் ஒட்டிய மரத்தூளைத் தட்டினார். "குளியல் பொடி விக்கிறவன் வீட்ல, ஐயா."

யாரும் சிரிக்கவில்லை. சிரிக்கலாமா என்று தெரியவில்லை.

"நாலாவது ஆள் யாருங்க?" என்று கேட்டான் பும்பெய்.

"என் மச்சினன். அவன் எதுவுமே சொல்ல மாட்டான். துண்டோட நின்னுக்கிட்டே இருப்பான்."

இதற்குத்தான் நான் முதலில் சிரித்தேன். பிறகு பும்பெய். பிறகு எல்லோரும். குராமிட்சு எங்களைச் சுற்றிச் சுற்றிப் பார்த்தார். தன் வீட்டுக் குளியலறையை வெளியே நின்று பார்த்தவர்போல அவர் முகம் இருந்தது.

"தொட்டி செய்ய எத்தனை நாள் ஆகும்?" என்று ஷிகெசோவைக் கேட்டார்.

"மூணு நாள் ஐயா. தண்ணியைப் பெயின்ட்ல வரையட்டுமா?"

"நிஜத் தண்ணி ஊத்துங்க. பொடி நான் தர்றேன்."

நுனோகாவா என் காதருகே வந்தார்.

"தொகுஜி, அப்படின்னா என்னய்யா அர்த்தம்?"

"அடுத்த சனிக்கிழமை நாம குளிக்கிறோம்," என்றேன்.